படத்தின் பின்பக்கம்

சார்ல்ஸ் குஷ்மன் 1972-இல் சான் பிரான்சிஸ்கோவில் காலமானபோது, தாம் எடுத்த வண்ண ஸ்லைடுகளைத் தாம் படித்த இண்டியானா பல்கலைக்கழகத்துக்கு விட்டுச் சென்றார். மொத்தம் ஏறத்தாழ 14,500 ஸ்லைடுகள். முதலாவது 1938-இல் எடுத்தது, கடைசி 1969-இல். குஷ்மன் தொழில்முறைப் புகைப்படக்காரர் அல்லர். வணிகத்தில் சம்பாதித்தவர். ஓய்வு கிடைத்தபோதெல்லாம் காரை எடுத்துக்கொண்டு அமெரிக்காவின் குறுக்கும் நெடுக்கும் போய்வந்தவர், பிற்காலத்தில் வெளிநாடுகளையும் சுற்றியவர். ப்ளூமிங்டன் நகரில் இருக்கும் பல்கலைக்கழகத்துக்கு வந்து சேர்ந்த பெட்டிகள், சீந்துவாரின்றிக் கால் நூற்றாண்டு கிடந்தன. 1990-களின் இறுதியில்தான் காப்பகத்தாரின் கவனம் அவற்றின் மேல் விழுந்தது. 2000-களின் தொடக்கத்தில் ஸ்கேன் செய்யப்பட்டு இணையத்துக்கு வந்தன. இன்று ஊரையோ ஆண்டையோ கொடுத்துத் தேடினால் எவரும் அவற்றைப் பார்க்கலாம். இப்படி முன்பின் தெரியாத மனிதர்கள் பொழுதுபோக்குக்காக எடுத்த பயணப்படங்களின் காப்பகங்கள் இணையத்தில் பல உண்டு. சில திறந்து கிடக்கின்றன, சில பூட்டப்பட்டுவிட்டன, சில தடமின்றிப் போய்விட்டன. அவற்றினூடே போய்வருவதும் ஒரு பயணம்தான். அந்தப் பயணத்தில் எதைப் பார்ப்பது, எதை நம்புவது, எதைக் காப்பாற்றுவது என்று யோசித்தால் எதிர்பாராத ஒரு முடிவுக்கு வந்து சேர்கிறோம்.

குஷ்மன் தொகுப்பின் அருமை விளங்க, அதே காலத்து அரசுத் தொகுப்பொன்றை அதன் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். பொருளாதாரப் பெருமந்தத்தின்போது அமெரிக்க அரசின் வேளாண் பாதுகாப்பு நிர்வாகம், ராய் ஸ்டிரைக்கரின் தலைமையில் டோரத்தியா லாங், வாக்கர் எவன்ஸ், ரஸ்ஸல் லீ முதலிய தேர்ந்த கலைஞர்களை நாடெங்கும் அனுப்பிப் படம் எடுக்க வைத்தது. 1935 முதல் 1944 வரை அப்படிச் சேர்ந்த கறுப்பு வெள்ளைப் படங்கள் ஏறத்தாழ 1,75,000. வண்ணப் படங்கள் 1,600 சொச்சம்தான். அந்தக் காலத்து அமெரிக்கா என்றதும் புழுதியும் சாம்பல் நிறமுமாக மனத்தில் தோன்றுவதற்கு இந்தக் கணக்கும் ஒரு காரணம். குஷ்மன் எடுத்தவை எல்லாம் கோடாக்ரோம் வண்ணச் சுருளில் எடுத்தவை. அவருடைய காலப் பரப்பு முப்பது ஆண்டுகள் என்பதை நினைவில் கொண்டாலும், சம்பளமும் உத்தரவும் இல்லாத ஒருவர் தம் சொந்தச் செலவில் அரசுத் தொகுப்பின் வண்ணப் படங்களைப் போல் ஒன்பது மடங்கு சேர்த்துவிட்டார் என்பது சாதாரணமல்ல. அவருடைய 1938-ஆம் ஆண்டுப் படங்களில், திறந்து ஓராண்டே ஆன கோல்டன் கேட் பாலம் செந்நிறத்தில் நிற்கிறது. 1941-இன் கீழ் மன்ஹாட்டன் தெருக்களில் கடைப் பலகைகளுக்கும் துணிகளுக்கும் கார்களுக்கும் அவற்றின் அசல் நிறம் இருக்கிறது. தாத்தா காலம் என்று நாம் ஒதுக்கிவைத்திருந்த ஒன்று நேற்றைய காலமாகிவிடுகிறது.

ஆனால் வண்ணம் மட்டும் இந்தத் தொகுப்பைக் காப்பகமாக்கியிருக்காது. குஷ்மன் குறிப்பேடுகள் வைத்திருந்தார். எங்கே எடுத்தது, எந்தத் தேதியில் எடுத்தது, காட்சியில் இருப்பது என்ன, கேமராவின் துளையை எந்த அளவில் வைத்தார் என்றெல்லாம் படம் படமாக எழுதி வந்தார். பல்கலைக்கழகத்தார் அட்டவணை தயாரிக்க உட்கார்ந்தபோது கையில் இருந்த மூலதனம் இந்தக் குறிப்பேடுகள்தான். அவை இல்லையென்றால் ப்ளூமிங்டனில் இருப்பது பெயர் தெரியாத தெருக்களின் 14,500 அழகான காட்சிகள். குறிப்பேடுகள் இருப்பதால், இன்ன தெருவில் இன்ன நாளில் இந்தக் கட்டடம் இருந்தது என்று வரலாற்றாசிரியர் ஒருவர் வாதாட முடிகிறது. எரிக் சாண்ட்வைஸ் என்ற வரலாற்றாசிரியர் 2012-இல் இத்தொகுப்பைக் கொண்டு ஒரு நூலே எழுதினார். என் வாதம் இதுதான்: அமெச்சூர் பயணப்படத்தின் மதிப்பில் பாதி படத்தில் இருக்கிறது, மீதிப் பாதி அதன் பின்பக்கத்தில் எழுதிய வரியில் இருக்கிறது. ஊர், தேதி, எடுத்தவர் என்ற அந்த வரி இல்லாத படத்தைப் பார்த்து மகிழலாம், அதைக் கொண்டு எதையும் நிறுவ முடியாது. இணையக் காப்பகங்கள் கைவிடப்படும்போது முதலில் உதிர்வதும் அந்த வரியே. மறதி என்பது படங்கள் அழிவது என்று நினைக்கிறோம். பெரும்பாலும் அது படத்திலிருந்து குறிப்பு பிரிந்துபோவதில் தொடங்குகிறது.

அமெச்சூர் படத்துக்கு அப்படி என்ன மதிப்பு, தேர்ந்தவர்கள் எடுத்தவையே போதாதா என்று முதலில் கேட்கத் தோன்றும். பிரெஞ்சு வங்கியாளர் ஆல்பெர்ட் கான் 1909 முதல் 1931 வரை உலகின் பல நாடுகளுக்கு ஆளனுப்பி, 72,000 ஆட்டோக்ரோம் வண்ணப் படங்களை எடுக்க வைத்தார். மகத்தான முயற்சி அது. ஆனால் கண்ணாடித் தகடும் முக்காலியும் நீண்ட ஒளிபடு நேரமும் தேவைப்பட்ட அந்த முறையில், மனிதர்கள் அசையாமல் நிற்க வேண்டும். எனவே காட்சி தேர்ந்தெடுக்கப்பட்டது, ஒழுங்குபடுத்தப்பட்டது. தொழில்முறைக் கண்ணுக்கு என்றுமே இந்தக் குணம் உண்டு. கோபுரத்தை மறைக்கும் மின்கம்பியைத் தவிர்க்க அது பத்தடி நகர்ந்து நிற்கும், குப்பைத்தொட்டியைச் சட்டகத்துக்கு வெளியே தள்ளும், ஆள் போன பின் படம் எடுக்கும். பொழுதுபோக்காக எடுப்பவருக்கு அந்தப் பயிற்சியோ பொறுமையோ இருக்காது. பாலத்தை எடுக்கிறேன் என்று பாலத்தோடு சேர்த்து டீக்கடையையும் விளம்பரப் பலகையையும் கைவண்டியையும் முதுகைக் காட்டி நிற்கும் ஆளையும் எடுத்துவிடுவார். பாலத்தைப் பற்றி அறிய நமக்கு வேறு ஆயிரம் சான்றுகள் உண்டு. அந்த டீக்கடைக்கு இது ஒன்றே சான்றாக இருக்கலாம். குஷ்மன் சிகாகோவின் மேக்ஸ்வெல் தெருச் சந்தையை எடுத்தார். நகரின் புகழ்பெற்ற அந்தத் தெருச் சந்தையைப் பல்கலைக்கழக விரிவாக்கத்துக்காக 1994-இல் அங்கிருந்து அகற்றினார்கள். பழைய படங்களில் அதைத் தேடுகிறவர் அழகைத் தேடுவதில்லை. எந்தப் பொருள் எந்த மேசையில் விற்றது, யார் வாங்கினார், என்ன உடுத்தியிருந்தார் என்று தேடுகிறார். படத்தின் நடுவில் இருப்பது எடுத்தவருக்குச் சொந்தம், ஓரத்தில் இருப்பது வரலாற்றுக்குச் சொந்தம் என்றுகூடச் சொல்லலாம்.

இங்கே ஒரு கனமான எதிர்வாதம் எழும். பயணி எதைப் பார்க்க வந்தாரோ அதைத்தான் பார்க்கிறார், அவர் எடுத்த படங்களை ஓர் ஊரின் வரலாறு என்று கொள்வது ஏமாறுவதாகும் என்பது அது. இந்த வாதத்தில் உண்மை இருக்கிறது, அதைக் கருவியிலிருந்தே தொடங்கிக் காட்டலாம். 1935-இல் வந்த கோடாக்ரோம் மிக மந்தமான சுருள். அதன் ஒளியுணர்வு எண் தொடக்கத்தில் 10 அளவில்தான் இருந்தது. கைபேசிக் கேமராவில் சாதாரணமாக எண்ணூறு, ஆயிரத்தைத் தொடும் காலத்தில் அந்த எண்ணை நம்பக் கடினம். நல்ல வெயில் இல்லாமல் அதில் படம் விழாது. எனவே அந்தக் காலத்து வண்ணத் தொகுப்புகளில் உலகம் முழுவதும் எப்போதும் பட்டப்பகல், எப்போதும் நீலவானம். மழை, இரவு, வீட்டின் உட்புறம், ஆலையின் உட்புறம் ஆகியவை பெரும்பாலும் விடுபட்டுவிட்டன. பயணம் செய்ய வசதி பெற்றவர் யார் என்பதும் கணக்கில் வர வேண்டும். குஷ்மன் வசதியுள்ள வெள்ளையர். 1941-இல் நியூயார்க்கின் பேட்டரி பூங்காவில் மலிவு விடுதிவாசிகள் மூவரை எடுத்துவிட்டு, அவர்களை வேலைவெட்டி இல்லாதவர்கள் என்ற தொனியில் குறிப்பேட்டில் இளக்காரமாக எழுதிவைத்தார். சிகாகோவின் கறுப்பின மக்கள் வாழ்ந்த தெற்குப் பகுதிகளை அவர் எடுத்த படங்களும் வெளியிலிருந்து வந்து பார்த்துவிட்டுப் போகும் ஒருவரின் படங்களே.

ஆயினும் இந்த எதிர்வாதம் என் வாதத்தை வீழ்த்தவில்லை, அதற்குத் துணையே செய்கிறது. பேட்டரி பூங்காப் படம் குறிப்பின்றி நமக்குக் கிடைத்திருந்தால் அதில் நாம் காண்பது வெயிலில் உட்கார்ந்திருக்கும் மூவரை மட்டுமே. நிறத்தையும் ஒளியையும் வியந்துவிட்டு நகர்ந்திருப்போம். குறிப்பு இருப்பதால் கேமராவுக்குப் பின்னால் நின்ற நான்காம் ஆளையும் பார்க்கிறோம், அவருடைய வர்க்கமும் மனச்சாய்வும் தெரிகின்றன. எடுத்தவரின் பார்வையைச் சந்தேகிக்க வேண்டுமானால்கூட எடுத்தவர் யார், எப்போது எடுத்தார், என்ன நினைத்தார் என்பது தெரிந்தாக வேண்டும். சாய்வை அளக்கவும் வழி உண்டு. 2010-இல் எரிக் ஃபிஷர் என்பவர் ஃபிளிக்கர், பிக்காசா என்ற படப்பகிர்வுத் தளங்களில் இருந்த படங்களின் இடத்தையும் நேரத்தையும் மட்டும் எடுத்துக்கொண்டு, உலகின் பெருநகரங்களுக்கு வரைபடங்கள் தயாரித்தார். ஒரே நகரில் ஒரு மாதத்துக்கு மேல் படம் எடுத்துவந்தவர் உள்ளூர்க்காரர், ஒரு மாதத்துக்கும் குறைவாக எடுத்த வேற்றூர்க்காரர் சுற்றுலாப் பயணி என்று பிரித்து, முன்னவருக்கு நீலமும் பின்னவருக்குச் சிவப்பும் கொடுத்தார். பயணிகள் எந்தச் சில தெருக்களுக்குள் சுற்றிச்சுற்றி வருகிறார்கள், ஊர்க்காரர்கள் பார்க்கும் நகரம் எவ்வளவு வேறானது என்பது ஒரே பார்வையில் விளங்கியது. ஒரு படத்தைக்கூடத் திறந்து பார்க்காமல் பயணியின் குருட்டுப் புள்ளியை வரைந்து காட்டிய வேலை அது. இடமும் நேரமும் கொண்ட அந்தக் குறிப்புகள் அழிந்திருந்தால் இந்த ஆய்வுக்கு வழியே இருந்திருக்காது.

படம் ஒன்று, குறிப்பு வேறு என்று பிரியும்போது என்ன நேர்கிறது என்பதை ஆப்கானிஸ்தானின் பாமியான் பள்ளத்தாக்கு காட்டியது. அங்கே செங்குத்துப் பாறையில் செதுக்கப்பட்டிருந்த இரு பெரும் புத்தர் சிலைகளையும் 2001 மார்ச்சில் தாலிபான்கள் வெடிவைத்துத் தகர்த்தார்கள். சூரிக் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் ஆர்மின் குரூன் தலைமையிலான குழு, பெரிய சிலையைப் படங்களைக் கொண்டு கணினியில் முப்பரிமாணமாக மீட்கும் வேலையில் இறங்கியது. அவர்கள் கையில் இருந்தவை வெவ்வேறு வகைப் படங்கள். இணையத்தில் கிடைத்தவை, சுற்றுலாப் பயணிகள் எடுத்தவை, ஆஸ்திரியப் பேராசிரியர் ராபர்ட் கோஸ்ட்கா 1970-இல் அளவெடுப்புக் கேமராவால் எடுத்தவை. இணையப் படங்களைக் கொண்டும் சிலையின் உருவத்தை எழுப்ப முடிந்தது. இது சிறிய விஷயமல்ல. எங்கோ விடுமுறைக்குப் போனவர்கள் எடுத்த படங்கள், இல்லாமற்போன ஒரு மாபெரும் சிலைக்குச் சாட்சி சொன்னன. ஆனால் அந்தப் படங்களை எந்தக் கேமராவில் எடுத்தார்கள், எவ்வளவு தூரத்தில் நின்று எடுத்தார்கள், எந்த ஆண்டில் எடுத்தார்கள் என்பது தெரியவில்லை. எனவே அவற்றிலிருந்து கிடைத்த உருவம் தோராயமானது. கேமராவின் அளவுகள் தெரிந்திருந்த கோஸ்ட்காவின் படங்களே நம்பகமான, நுட்பமான மாதிரியைத் தந்தன. ஆயிரக்கணக்கானோர் நின்று படமெடுத்த இடம் பாமியான். பார்த்தவர்களுக்குப் பஞ்சமில்லை, எழுதிவைத்தவர்களுக்குத்தான் பஞ்சம்.

குறிப்பு தானாகவே ஒட்டிக்கொள்ளும் டிஜிட்டல் காலத்தில் நிலைமை எப்படி மாறியது என்பதற்கும் நல்ல சான்று உண்டு. 2009-இல் வாஷிங்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் ஃபிளிக்கரில் ரோம் நகரைப் பற்றி இருந்த ஒன்றரை லட்சம் படங்களை எடுத்து, சுமார் 500 கணினிக் கருக்களைக் கொண்டு ஒரே நாளுக்குள் அந்நகரின் முக்கிய இடங்களை முப்பரிமாணத்தில் கட்டிக்காட்டினார்கள். 2015-இல் அதே பல்கலைக்கழகமும் கூகுளும் சேர்ந்த குழு ஒன்று 8.6 கோடி படங்களைச் சலித்து, ஒரே இடத்தை வெவ்வேறு ஆண்டுகளில் வெவ்வேறு பேர் எடுத்தவற்றை வரிசையாகக் கோத்து, 10,000-க்கும் மேற்பட்ட காலநகர்வுக் காட்சிகளை உருவாக்கியது. அவற்றுள் ஒன்று நார்வேயின் பிரிக்ஸ்டால் பனியாறு. அங்கே போன எந்தப் பயணியும் காலநிலை ஆய்வு செய்யப் போகவில்லை. பனிக்கு முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டு திரும்பினார்கள், அவ்வளவே. ஆனால் படங்களில் தேதி இருந்தது. தேதிப்படி அடுக்கியபோது பனியாறு ஆண்டுக்கு ஆண்டு பின்வாங்குவது கண்முன் தெரிந்தது. ஒருவரையொருவர் அறியாத அந்நியர்கள் தமக்கே தெரியாமல் சேர்ந்து செய்த அளவீடு அது. தேதியை எடுத்துவிட்டால் மிஞ்சுவது ஒரே பனியாற்றின் முன் சிரித்துக்கொண்டிருக்கும் நூற்றுக்கணக்கான முகங்கள்.

இப்படிப்பட்ட சான்றுகள் வாழ்ந்த வீடுகளில் ஒன்று பானோராமியோ. ஸ்பெயினில் ஜோவாகின் குவென்கா, எடுவார்டோ மஞ்சோன் என்ற இருவர் 2005-இல் தொடங்கிய தளம் அது. உலக வரைபடத்தில் எந்தப் புள்ளியில் எடுத்ததோ அந்தப் புள்ளியிலேயே படத்தைக் குத்திவைப்பது அதன் எளிய திட்டம். 2007-இல் கூகுள் அதை வாங்கியது. கூகுள் எர்த்தில் ஏதோவொரு மலைச்சரிவையோ பாலைவனத்தையோ பெரிதாக்கிப் பார்த்தவர்களுக்கு, அங்கே போய்வந்த யாரோ ஒருவர் எடுத்த படங்கள் சிறு சதுரங்களாகத் தெரிந்தது நினைவிருக்கும். பயண நிறுவனங்களின் பளபளப்புப் படம் ஒன்றுகூடக் கிடைக்காத சிற்றூர்களுக்கு அதுவே முதல் சாளரம். 2016 நவம்பரில் பானோராமியோ மூடப்பட்டது. பயனர்களின் படங்கள் கூகுளின் ஆல்பம் ஆர்க்கைவ் என்ற வேறொரு சேமிப்புக்கு மாற்றப்பட்டன. அங்கே படம் இருந்தது, ஆனால் உலகமே பார்க்கும் வரைபடத்தில் அது குத்தப்பட்டிருந்த இடம் போய்விட்டது. அக்கம்பக்கத்துப் படங்களோடு அதற்கு இருந்த உறவும் போய்விட்டது. 2023-இல் அந்த ஆல்பம் ஆர்க்கைவும் மூடப்பட்டது. ப்ளூமிங்டன் பெட்டிகளோடு இதை ஒப்பிட்டால் ஒரு விசித்திரம் புலப்படும். கோடாக்ரோம் இருட்டில் நிறம் மங்காத சுருள். கால் நூற்றாண்டு யாரும் தொடாமல் கிடந்தது அந்த ஸ்லைடுகளுக்கு நன்மையாகவே முடிந்தது. இணையக் காப்பகம் அப்படிக் கிடக்க முடியாது. சர்வருக்கு மாதந்தோறும் யாரோ பணம் கட்ட வேண்டும், மென்பொருளை யாரோ புதுப்பிக்க வேண்டும். அங்கே மறதி என்பது இறப்புக்கு இன்னொரு பெயர்.

இந்த மூடல்களில் பிழைத்தவை எவை என்று பார்த்தால் வாதம் இன்னும் வலுக்கிறது. பானோராமியோவில் சிலர் தம் படங்களைப் பிறர் பயன்படுத்தலாம் என்ற திறந்த உரிமத்தோடு போட்டிருந்தார்கள். அத்தகைய படங்களை விக்கிமீடியா காமன்ஸ் தன்னார்வலர்கள் தானியங்கி நிரல்களைக் கொண்டு பெருமளவில் நகலெடுத்துத் தங்கள் பொதுக் களஞ்சியத்தில், எடுத்தவர் பெயரோடும் இடத்தோடும் சேர்த்துவிட்டார்கள். ஃபிளிக்கரின் கதையும் இதே. 2004-இல் தொடங்கிய அந்தத் தளம் யாஹூவின் கைக்குப் போய், 2018-இல் ஸ்மக்மக் நிறுவனத்தின் கைக்கு வந்தது. இலவசக் கணக்குகளில் 1,000 படங்களுக்கு மேல் இருந்தால் அழிக்கப்படும் என்று அந்த ஆண்டின் இறுதியில் புதிய உரிமையாளர்கள் அறிவித்தார்கள். எதிர்ப்பு எழுந்த பின், திறந்த உரிமத்தில் அதுவரை ஏற்றப்பட்டவை தப்பும் என்றார்கள். இரண்டு இடங்களிலும் படத்தின் அழகோ அரிய தன்மையோ அதைக் காப்பாற்றவில்லை. இதை நகலெடுக்கலாம் என்று படத்தோடு ஒட்டியிருந்த ஒரு வரி காப்பாற்றியது. ஊர், தேதி, எடுத்தவர் என்ற பட்டியலில் உரிமத்தையும் சேர்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. முதல் மூன்றும் படத்துக்குப் பொருள் தருகின்றன, நான்காவது ஆயுள் தருகிறது.

தொடக்கத்திலேயே இடத்தையும் உரிமத்தையும் கட்டாயமாக்கிய காப்பகம் ஒன்று உண்டு. 2005-இல் பிரிட்டனில் தொடங்கிய ஜியோகிராஃப் திட்டம், பிரிட்டனையும் அயர்லாந்தையும் ஒரு கிலோமீட்டர் சதுரக் கட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்துக்கும் படம் சேர்க்கப் பொதுமக்களை அழைத்தது. இடம் சொல்லாமல் படம் சேர்க்க முடியாது. திறந்த உரிமம் எல்லாருக்கும் பொது. இன்று அங்கே எழுபது லட்சத்துக்கும் மேற்பட்ட படங்கள் இருக்கின்றன. அதன் விந்தை எண்ணிக்கையில் இல்லை, பரவலில் இருக்கிறது. சுற்றுலாப் பயணி தானாகப் போனால் கோட்டைக்கும் அருவிக்கும்தான் போவார். கட்டம் நிரப்பக் கிளம்பியவர் உருளைக்கிழங்கு வயலுக்கும் மின்மாற்றிக்கும் மூடிக்கிடக்கும் ரயில் நிலையத்துக்கும் போகிறார். பார்வையின் சாய்வைத் திருத்த, கொஞ்சம் விதியும் கொஞ்சம் விளையாட்டும் போதும் என்பதற்கு அது சான்று. பெருநிறுவனம் வாங்கிப் பின் தூக்கியெறிந்த தளங்கள் மறைந்துபோக, தன்னார்வலர்கள் நடத்தும் இந்த எளிய தளம் இன்றும் இயங்குகிறது.

இனி இன்றைய நிலையிலிருந்து வரும் இரு எதிர்ப்புகள். முதலாவது: கைபேசி தானே இடத்தையும் நேரத்தையும் படத்துக்குள் எழுதிவிடுகிறது, பின்பக்கத்தில் எழுதும் பிரச்சினை தீர்ந்துவிட்டதல்லவா? எழுதுவது உண்மை. ஆனால் அந்தப் படம் ஒரு கைபேசியிலிருந்து வாட்ஸாப் வழியாக இன்னொன்றுக்குப் போகும்போதே அத்தகவல் கழற்றப்பட்டுவிடுகிறது. சமூக ஊடகங்கள் பலவும் அப்படியே செய்கின்றன. குடும்பத்தில் பத்துப் பேரிடம் சுற்றி வந்த படம் நம்மிடம் திரும்பும்போது, ஆல்பத்திலிருந்து பிய்த்தெடுத்த பழைய பிரதியைப் போல வெறுங்கையோடு வருகிறது. இரண்டாவது: செயற்கை நுண்ணறிவு படத்தைப் பார்த்தே இடத்தைச் சொல்லிவிடுமே? 2016-இல் கூகுள் ஆய்வாளர்கள் வெளியிட்ட பிளாநெட் என்ற நிரல், இடம் குறிக்கப்பட்ட கோடிக்கணக்கான படங்களைக் கற்று, புதிய படம் எங்கே எடுத்தது என்று ஊகித்தது. சோதனையில் நூற்றில் 28 படங்களுக்கு நாட்டைச் சரியாகச் சொன்னது, நகரத்தைச் சொன்னது 10 படங்களுக்கு மட்டும். இதன்பின் வந்தவை வெகுவாகத் தேறிவிட்டன, இன்னும் தேறும். ஆனால் அந்தத் தேர்ச்சி எங்கிருந்து வருகிறது? இடத்தைக் குறித்துவைத்த மனிதர்களின் படங்களிலிருந்து. இன்றைய உலகத்தை மிகுதியாகப் பார்த்துப் பழகிய நிரலுக்கு இன்றைய தெருவே நன்றாகத் தெரியும். 1950-இல் இடித்த தெருவின் படங்கள் எவரும் குறிக்காமல் கிடந்தால் அது எதைக் கொண்டு கற்கும்? எங்கே நம் நினைவு மிகப் பலவீனமோ அங்கே இயந்திரத்தின் உதவியும் மிகப் பலவீனம்.

அந்தரங்கம் பற்றிய எதிர்ப்பு இவை இரண்டையும்விடக் கனமானது. இடம், நாள், பெயர் எல்லாவற்றையும் படத்தோடு சேர்த்து உலகுக்குத் திறந்துவைத்தால், படத்தில் இருப்பவர்களின் கதி என்ன? பேட்டரி பூங்காவின் அந்த மூன்று விடுதிவாசிகளிடம் குஷ்மன் அனுமதி கேட்டாரா என்பது ஒருபுறமிருக்க, தங்கள் முகம் அறுபது ஆண்டுகளுக்குப் பின் உலகம் முழுக்கத் தெரியும் என்று அவர்கள் எண்ணியிருக்க வழியே இல்லை. உயிரோடிருப்பவர்களைப் பொறுத்தவரை இந்த அச்சம் முழுக்க நியாயமானது. தளங்கள் இடத்தகவலைக் கழற்றுவதிலும் பாதுகாப்புக் காரணம் இருக்கிறது. ஆனால் இதற்கு விடை குறிப்பை அழிப்பது அல்ல, குறிப்பை எப்போது யாருக்குத் திறப்பது என்று தீர்மானிப்பதே. நூலகங்களும் ஆவணக் காப்பகங்களும் கடிதங்களுக்கும் மருத்துவப் பதிவுகளுக்கும் காலத்தடை வைத்துப் பழகியவைதாம். படத்தில் இருப்பவரின் அடையாளத்தை மூடிவைத்துக்கொண்டே ஊரையும் தேதியையும் வெளியிட முடியும். மூடிவைத்ததை ஒருநாள் திறக்கலாம், அழித்ததைத் திறக்க வழியில்லை. நேர்மாறாக இன்று நடப்பது என்ன? முகம் எங்கும் பரவுகிறது, சூழலைச் சொல்லும் குறிப்பு மட்டும் காணாமற்போகிறது. மனிதரின் மானத்துக்கும் அதில் காவல் இல்லை, வரலாற்றுக்கும் பயன் இல்லை.

எனவே இக்காப்பகங்களுக்குள் போகிறவர் அழகான படங்களைத் தேடி அலைவதைவிட ஓர் இடத்தைப் பிடித்துக்கொண்டு போவது நல்லது. ஒரு பாலம், ஒரு சந்தை, ஓர் ஆற்றங்கரை போதும். அதே இடத்தை வெவ்வேறு ஆண்டுகளில் எடுத்த படங்களைத் தேடி வரிசைப்படுத்தினால் ஒன்று சொல்லாததை இன்னொன்று சொல்லும். குறிப்பை மதிக்க வேண்டும், கண்மூடி நம்பக் கூடாது. ஸ்லைடு அட்டையில் அச்சிட்டிருக்கும் மாதமும் ஆண்டும் சுருளைக் கழுவிய காலத்தைச் சொல்பவை. படம் அதற்குப் பல மாதம் முன்பே எடுத்ததாக இருக்கலாம். வரைபடத்தில் கையால் குத்திய புள்ளி ஒரு மலை தள்ளி இருக்கலாம். கார் எண்பலகை, கடைப் பெயர், சுவரொட்டி, நிழல் விழும் திசை ஆகியவற்றைக் கொண்டு குறிப்பைச் சோதிக்க வேண்டும். பொய்யான குறிப்பைக்கூடச் சோதித்துத் திருத்த முடியும். இல்லாத குறிப்பைச் சோதிக்க எதுவும் இல்லை.

எல்லாப் படங்களையும் காப்பாற்றித்தான் ஆக வேண்டுமா என்று சலித்துக்கொள்பவர்களுக்கும் இதிலேயே விடை இருக்கிறது. வேண்டாம், முடியவும் முடியாது. ஆனால் எதை வைத்துக்கொள்வது என்று பின்னால் வருபவர் தேர்ந்தெடுக்க வேண்டுமானால் எது என்னவென்று அவருக்குத் தெரிய வேண்டும். தமிழ்நாட்டு வீடுகளிலும் காசிக்கும் ராமேசுவரத்துக்கும் ஊட்டிக்கும் போய்வந்த ஆல்பங்கள் பீரோக்களில் இருக்கின்றன. பல ஆல்பங்களில் படங்கள் பசை போட்டு ஒட்டப்பட்டிருப்பதால், பின்னால் யாராவது எழுதியிருந்தாலும் படிக்க வழியில்லை. அவற்றை ஸ்கேன் செய்து இணையத்தில் ஏற்ற ஆர்வம் கொண்ட இளைஞர்கள் இன்று பலர். ஆனால் அவசரமான வேலை ஸ்கேன் அன்று. காகிதப் படம் இன்னும் இருபது ஆண்டு பொறுக்கும். அது எந்த ஊர், எந்த ஆண்டு, கூட வந்தவர் யார் என்று தெரிந்த பெரியவர் அவ்வளவு காலம் இருப்பார் என்று சொல்ல முடியாது. பின்னர் எந்தச் சேமிப்பில் வைத்தாலும் எழுதியது படத்தைவிட்டுப் பிரியாதபடியும், நகலெடுக்க அனுமதி உண்டு என்ற வரியோடும் வைப்பது அடுத்த கடமை. நிறுவனங்கள் கைமாறும், தளங்கள் மூடும், கருவிகள் பழசாகும். ஊரும் தேதியும் பெயரும் அனுமதியும் சேர்ந்த படம் ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்குப் போய்ப் பிழைத்துக்கொள்ளும். இவை இல்லாத படம், எவ்வளவு பெரிய சர்வரில் எவ்வளவு பத்திரமாக இருந்தாலும், ஏற்கெனவே பாதி தொலைந்ததுதான்.